இரண்டு கிழமை என்று சொன்னார்கள்

குண்டசாலை,
17.08.2025

அன்பு மகள் லோஜினிக்கு,

அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் இங்கே சுகமாக இருக்கிறோம். நீயும் சுகம் என்றுதான் போனில் சொல்கிறாய், அது உண்மையாகவே இருக்க முருகன் துணை நிற்கட்டும். தினமும் முகம் பார்த்துப் பேசுகிறோமே, பிறகு எதற்குக் கடிதம் என்று நினைப்பாய். போனில் பேசும்போது அப்பா பக்கத்திலேயே கதிரையைப் போட்டு உட்கார்ந்துவிடுகிறார், பிரஷருக்குக் குளிசை போடுகிற மனுஷனை வைத்துக்கொண்டு எல்லாவற்றையும் பேச முடிவதில்லை. உன்னோடு இஸ்ரேலில் ஹைஃபாவில் வேலை செய்கிற அனுஷியா லீவு முடிந்து புதன்கிழமை திரும்புகிறாள், புசல்லாவையிலிருந்து நேற்று இங்கே வந்தாள், அவள் கையில் இதைக் கொடுத்துவிடுகிறேன். பெரஹரா ஊர்வலம் முடிந்து இப்போதுதான் கண்டி டவுனில் பஸ் ஒழுங்காக ஓடுகிறது. பின்பக்கத்து மதில் மழைக்குச் சரிந்துவிட்டது, அப்பா தானே கட்டுகிறேன் என்று நிற்கிறார், நான் விடவில்லை.

வேலை ஒப்பந்தத்தில் இன்னும் ஒரு வருஷத்துக்குக் கையெழுத்துப் போடலாமா என்று கேட்டிருந்தாய். நீ பார்த்துக்கொள்கிற அந்த வயதான அம்மாவின் மகன், ஈரானோடு சண்டை முடிந்தது, இனி எல்லாவற்றையும் அமெரிக்கா பார்த்துக்கொள்ளும் என்று சொன்னாராம். அதைக் கேட்டு எனக்கு ஒரு சிரிப்பு வந்தது, நல்ல சிரிப்பு இல்லை. அந்த நாடு பார்த்துக்கொண்ட அழகைத்தான் ஜூன் மாதம் பார்த்தோமே. நான் படித்தது பத்தாம் வகுப்பு, தேயிலைத் தோட்டத்து ஆஸ்பத்திரியில் முப்பத்தொரு வருஷம் மருத்துவிச்சியாக இருந்தவள், எனக்கு என்ன அரசியல் தெரியும் என்று அவர்கள் கேட்கலாம். தொழிலாளர் லயத்தில் இரண்டு பக்கத்தையும் தூண்டிவிட்டு, ஒருத்தன் கையில் கத்தியையும் கொடுத்துவிட்டு, மண்டை உடைந்த பிறகு வெள்ளை வேட்டியோடு பஞ்சாயத்துக்கு வருகிற கங்காணியை நான் பார்த்திருக்கிறேன். அவனுக்குத் தோட்டம் சிறியது, இவர்களுக்குத் தோட்டம் பெரியது, வேறு வித்தியாசம் இல்லை.

இத்தனை நாள் உன்னிடம் சொல்லாத ஒன்றை இப்போது எழுதுகிறேன். ஜூனில் சண்டை நடந்தபோது அந்தச் சனிக்கிழமை அனுஷியாவும் இன்னும் ஆறு பேரும் ஜோர்தான் எல்லைக்கு வேன் பிடித்துப் போனார்களே, நானும் போகவா என்று நீ என்னிடம் கேட்டாய். நான் பொறு என்றேன். ஏன் சொன்னேன் தெரியுமா, முதல் நாள் காலைச் செய்தியில் வெள்ளை மாளிகைப் பெரியவர் ஈரானை அடிப்பதா வேண்டாமா என்று இரண்டு கிழமைக்குள் முடிவு சொல்வதாக வாசித்தார்கள். அவ்வளவு பெரிய நாடு உலகத்துக்கு முன்னால் நின்று தவணை சொன்னால் அதில் பாதியாவது உண்மையாக இருக்கும் என்று நம்பினேன், அந்த வயதான அம்மாவை ஆளில்லாமல் விட்டுவிட்டு ஓட வேண்டாம், மாற்று ஆள் வந்த பிறகு ஒழுங்காகப் புறப்படு என்றேன். ஞாயிறு காலை எழுந்து ரேடியோவைப் போட்டால் குண்டு போட்டாகிவிட்டது. இரண்டு கிழமை இரண்டு நாளில் முடிந்துவிட்டது. பத்து மணிக்கு ஹைஃபாவில் ஈரானின் ஏவுகணை விழுந்தது என்றார்கள். உன் போன் அடிக்கவே இல்லை. இடுப்பு வலி வந்தவளிடம் இன்னும் நேரம் இருக்கிறது என்று ஒரு மருத்துவிச்சி பொய் சொன்னால், தாயோ பிள்ளையோ போய்விடும், அதற்குப் பிறகு அவளுக்கு அந்தத் தோட்டத்தில் வேலை இருக்காது. தவணை சொன்ன அந்த மனுஷர்களுக்கு மட்டும் வேலை போவதில்லை. மாலை ஏழு மணிக்கு நீ பேசும்வரை நான் சமைக்கவில்லை. என் வாயால்தானே பிள்ளையை அங்கே நிறுத்தினேன் என்று அந்த ஒன்பது மணித்தியாலமும் எனக்கு நானே காறித் துப்பிக்கொண்டேன்.

பக்கத்து வீட்டு அபீபாவைப் பற்றியும் சொல்ல வேண்டும். நீ போனதிலிருந்து அவள் என்னோடு சரியாகப் பேசாதது உனக்குத் தெரியும். காஸாவில் பிள்ளைகளைக் கொல்லுகிறவர்களின் ஊருக்கா மகளை அனுப்புகிறீர்கள் என்று கேட்டாள், உன் மகன் ஸைத் டோஹாவில் அமெரிக்கக்காரன் விமானம் நிறுத்துகிற இடத்துக்குப் பக்கத்தில்தானே உடுப்புத் துவைக்கிறான் என்று நானும் கேட்டுவிட்டேன். இரண்டு பேர் சொன்னதும் உண்மைதான், அதனால்தான் இரண்டு பேருக்கும் அப்படிக் கோபம் வந்தது. ஒன்றரை வருஷம் தலையை ஆட்டிக்கொண்டு போனோம். அந்த ஞாயிறுக்குப் பிறகு வந்த செவ்வாய்க்கிழமை காலை, ஈரான் அந்த விமானத் தளத்தின் மேல் அடித்துவிட்டது என்று செய்தி வந்தது. அவள் வீட்டில் ரேடியோ சத்தம்கூட இல்லை. நான் வேலியைச் சுற்றிப் போனேன். ஸைத்தின் போன் வேலை செய்யவில்லையாம், அவள் கணவர் முஹைதீன் பிலிமத்தலாவைக் கடையைத் திறக்கப் போகாமல் வீட்டு வாசலிலேயே நின்றார். நான் நேரே குசினிக்குப் போய் இஞ்சி தட்டித் தேத்தண்ணி போட்டேன். பிறகு டிவியைப் போட்டோம், அதில் ஒருத்தர், தளத்தை முன்னாலேயே காலி பண்ணிவிட்டார்கள், அடிக்கப்போவதை ஈரான் முன்கூட்டியே சொன்னதற்கு அந்தப் பெரியவர் நன்றி சொல்லியிருக்கிறார் என்று விளக்கிக்கொண்டிருந்தார். விமானத்தை நகர்த்தி வைத்தார்கள், உடுப்புத் துவைக்கிறவனுக்கு யார் சொன்னார்கள்? அபீபா டிவியைப் பார்த்துக்கொண்டே, "வடிவக்கா, எங்கட புள்ளைங்க அங்க இருக்கிறதாச்சும் இவங்களுக்குத் தெரியுமா?" என்று கேட்டாள்.

"பேர் தெரியாது அபீபா. பேர் தெரிஞ்சா இப்படிச் செய்வாங்களா" என்றேன்.

"தெரிஞ்சாலும் செய்வாங்க" என்றாள் அவள்.

அவள் சொன்னதுதான் சரி. மத்தியானம் ஸைத் பேசினான், தங்குமிடத்து மொட்டை மாடியில் நின்று வானத்தில் நெருப்பைப் பார்த்தானாம், அவனுக்கு ஒன்றுமில்லை, போனில் சார்ஜ் இல்லாமல் போயிருக்கிறது. அபீபா அப்போதுதான் அழுதாள், நானும் அழுதேன். அன்றைக்கே சண்டை நிறுத்தம் என்று அந்தப் பெரியவரே அறிவித்தார், பிறகு சமாதானப் பரிசு என்று ஒரு பேச்சு. பிள்ளையையும் கிள்ளிவிட்டுத் தொட்டிலையும் ஆட்டுகிறவர்களுக்கு நாங்கள் தாலாட்டும் பாட வேண்டுமாம். ஒரு கையால் குண்டு கொடுக்கிறார்கள், ஐ.நா.வில் போரை நிறுத்தச் சொன்னால் மறு கையைத் தூக்கித் தடுக்கிறார்கள், செத்தவர்களின் ஊருக்கு மாவு மூட்டை அனுப்பிப் படம் எடுத்துக்கொள்கிறார்கள். இங்கே அவர்களுக்குச் சட்டை தைக்கிற பிள்ளைகளின் தலையில் போட்ட வரியைக்கூட நாற்பத்து நாலு வீதம், முப்பது, இருபது என்று மீன்காரன் மாதிரி இறக்குகிறார்கள், இறக்கியதற்கு எங்கள் ஆட்கள் நன்றி சொல்கிறார்கள். எனக்கு அவர்கள் மேல் கோபம்கூட வரவில்லை லோஜி, கோபப்படுவதற்கும் ஒரு மரியாதை வேண்டும்.

கையெழுத்து விஷயத்தில் நான் போடு என்றும் சொல்லமாட்டேன், வேண்டாம் என்றும் சொல்லமாட்டேன். அந்த அம்மாவும் பாவம், எண்பத்தாறு வயதில் அவர் யாரை அடிக்கப் போகிறார். போட்டால் ஒன்றை மட்டும் எழுதி வாங்கு, எல்லை திறந்திருக்கும்போது நீ போக நினைத்தால் யாரும் மறிக்கக் கூடாது. பாஸ்போர்ட் உன் கையில் இருக்கட்டும், அலுமாரியில் பூட்டி வைக்கிறோம் என்றால் கொடுக்காதே. யார் என்ன தவணை சொன்னாலும் காதில் போடாதே, உன் கண் என்ன சொல்கிறதோ அதைக் கேள், நான் சொன்னாலும் யோசித்துக் கேள்.

கடைசியாக ஒன்று. அனுஷியா பேச்சோடு பேச்சாக, லோஜியின் கைத் தையல் ஆறிவிட்டதா அம்மா என்று என்னையே கேட்டாள். எனக்குத் தெரியாது என்பது தெரிந்ததும் அவள் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டும். பிறகு எல்லாவற்றையும் சொன்னாள். அந்த ஞாயிற்றுக்கிழமை லிஃப்ட் நின்று, நாலு மாடியும் அந்த அம்மாவை முதுகில் சுமந்து இறங்கினாயாம், படியில் ஜன்னல் கண்ணாடி உடைந்து முழங்கைக்குக் கீழே ஒன்பது தையலாம். இரண்டு மாதமாக முழுக்கைச் சட்டையோடு என்னிடம் பேசியிருக்கிறாய். அங்கே குளிர் என்று சொன்னாய், ஜூலையில். நான் ஏசவில்லை, உன்னைப் பெற்றதற்கு எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது, ஆனால் அப்பா தூங்கப் போன பிறகு அழுதேன். இனி அப்படிச் செய்யாதே மகள். பொய் சொல்வதற்குப் பெரிய பெரிய நாடுகள் இருக்கின்றன, அந்த வேலையை அவர்களிடமே விட்டுவிடு. நீ எனக்கு உண்மையைச் சொல், அது எவ்வளவு கெட்டதாக இருந்தாலும் நான் தாங்குவேன்.

அபீபா உனக்கென்று மாசிச் சம்பல் ஒரு போத்தல் தந்திருக்கிறாள், அனுஷியாவிடம் மறக்காமல் கேட்டு வாங்கு. நேரத்துக்குச் சாப்பிடு. எங்கே போனாலும் நல்லபடியாகத் திரும்பி வர எங்கள் இரண்டு பேரின் ஆசீர்வாதமும் உன்னோடு இருக்கும். ஞாயிற்றுக்கிழமை அப்பா கோயிலுக்குப் போன நேரம் போன் எடுக்கும்போது அரைக்கைச் சட்டை போட்டுக்கொண்டு உட்கார், தையலை நான் பார்க்க வேண்டும்.

உன் அம்மா
வடிவம்மா ராஜலிங்கம்