யமுனா எழுதும் சீட்டுகள்

அன்புள்ள அம்மாவுக்கு,

இந்த நடுராத்திரியில் எழுதுவதற்கு மன்னியுங்கள். கால்வலி குறைந்ததா? செம்மேட்டில் நாங்கள் நலம்தான்.

ஆராய்ச்சிக்காக, அந்தக் கால செக் நாட்டு ஊமைப்பட இயக்குநர் ஒருவரின் படங்களைப் பார்க்கிறேன். கதை, நடிப்பு, கேமரா எல்லாம் அவரே. கூரையிலிருந்து விழுவதும் அவரே. உங்கள் பேத்தி யமுனாவும் கூட உட்கார்ந்து சிரிப்பாள். திங்களன்று அவரைப் போலவே மிளகு பறிக்கும் ஏணியிலிருந்து குதித்துவிட்டாள். காயமில்லை. ஆனால் மூன்று நாளாகப் பேச்சில்லை. படத்தில் எழுத்து வருவதுபோல் சீட்டில் எழுதிக் காட்டுகிறாள். டாக்டர் ஒன்றுமில்லை என்கிறார். பக்கத்து வீட்டு அத்தாயி, "வெளையாட்டுத்தானுங்க, நாளைக்கே வாய் ஓயாது பாருங்க" என்கிறார். இப்போது தூக்கத்தில் அவள் உதடு அசைகிறது, சத்தம் வரவில்லை.

இன்றைய சீட்டில் உங்களைக் கேட்டு, "அம்மாயி எப்ப வருவாங்க?" என்றிருந்தது. அவளுக்கென்று தனியாக ஒரு சீட்டு எழுதுங்கள், வாய்திறந்து பதில் சொல்லச் சொல்லி. சீக்கிரம் பதில் போடுங்கள்.

கோகிலவாணி