நட்சத்திரம் போட்ட சொற்கள்

ஜனவரி 9, செவ்வாய்

மத்தியானம் மழையோடு கரண்ட் போய் வந்தது. கணினியை மறுபடி போட்டதும் என் இரண்டு திரைகளும் எண் மாறிக்கொண்டன. நான் கவனிக்கவில்லை. பதிவு ஓடுகிறது என்று சிவப்புப் புள்ளி காட்டியது, அது போதும் என்று ஆட்டத்தை ஆரம்பித்துவிட்டேன். பதினோரு நிமிடம் கழித்துத்தான் பார்த்தேன். இடது திரையில் நாங்கள் ஆடும் கப்பல் விளையாட்டு பதிவாகவே இல்லை. பக்கத்துத் திரைதான் பதிவாகியிருக்கிறது. மாற்றிவிட்டுத் தொடர்ந்தேன்.

என்னோடு இணையத்தில் ஆடும் முர்த்தினி அக்கா இன்று பிரமாதம். "தம்பி, தண்ணி ஏறுது, அந்தக் கோழிய இங்க சாத்து!" என்றார். ஏணியைத்தான் சொன்னார். பிறகு "வயித்தைப் புடிச்சு இழு" — கயிற்றை. நான் மைக்கை மூடிக்கொண்டு சிரித்தேன். காணொளிகளைத் தொகுக்கும் நண்பன் கிலாங் இதை வெட்டி ஒட்டினால் இரண்டு நாளில் ஒரு லட்சம் பேர் பார்ப்பார்கள்.

ஜனவரி 12

ஒரு லட்சத்து நாற்பதாயிரம். கிலாங் போனில் கத்தினான்: "கோழிதான்டா நம்ம குலதெய்வம்!"

வெட்டாத முழுப் பதிவையும் வழக்கம்போல இன்னொரு பக்கத்தில் போட்டாயிற்று. அதை யார் பார்க்கப் போகிறார்கள். ஏழு பேர்.

ஜனவரி 14, ஞாயிறு

அந்தப் பதினோரு நிமிடம்.

காலையில் பல் தேய்க்கும்போது திடீரென்று நினைவுக்கு வந்தது. கிலாங் வெட்டியதில் அந்தப் பகுதி இல்லை. முழுப் பதிவில் இருக்கிறது. வாயில் நுரையோடு ஓடிப்போய்ப் போட்டுப் பார்த்தேன். பளிச்சென்று இருக்கிறது, ஒவ்வொரு எழுத்தும். உடனே எடுத்துவிட்டேன். பார்த்தவர்கள் ஒன்பது பேர்.

திரையில் இருந்தது ஒரு பட்டியல். தலைப்பு: முர்த்தினி அக்கா. கீழே அறுபத்திரண்டு சொற்கள் — ஏணி, கயிறு, வாளி, கதவு, திருகு... எதிரே அவர் என்ன மாற்றிச் சொல்வார் என்பது. அதற்கு எதிரே நட்சத்திரங்கள். மூன்று நட்சத்திரம் என்றால் நிச்சயச் சிரிப்பு. ஆட்டத்தில் அந்தச் சொல்லை அவர் வாயால் சொல்ல வைக்கிற மாதிரி நான் போய் நிற்பேன். "அக்கா, எது வேணும்னு சொல்லுங்க, எனக்குப் புரியல" என்பேன்.

எனக்குப் புரியும்.

அவருக்கு இரண்டு வருடம் முன்னால் பக்கவாதம் வந்தது. கை மீண்டுவிட்டது, சொற்கள்தான் மாறிமாறி வருகின்றன. பழகிய முதல் வாரமே எனக்குச் சொல்லிவிட்டார். கைக்குப் பயிற்சியாக இருக்கட்டும் என்றுதான் பாத்தாம் தீவுக்கு வேலைக்குப் போன மகனின் கணினியில் ஆடவே உட்கார்ந்தார். பிளித்தார் ஊரில் சலவைக் கடை வைத்திருக்கிறார். நான் ரயிலில் போகும் தூரத்தில், மலாங்கில். எட்டு மாதமாக வாரம் மூன்று நாள் சேர்ந்து ஆடுகிறோம், நேரில் பார்த்ததில்லை. பார்ப்பவர்களுக்குப் பக்கவாதம் பற்றித் தெரியாது. நான்தான் சொல்ல வேண்டாம் என்றேன். "எதுக்குக்கா அதெல்லாம், உங்கள பாவமா பாப்பாங்க."

எவ்வளவு நல்லவன் நான்.

ஜனவரி 16

அக்கா கூப்பிட்டார். பார்த்த ஒன்பது பேரில் அவர் ஒருவர். முழுப் பதிவு எல்லாவற்றையும் அவர் கடைசிவரை பார்ப்பாராம். தன் பேச்சைத் தானே கேட்க வேண்டும் என்று மருத்துவமனையில் சொல்லியிருக்கிறார்கள்.

"தம்பி, அந்த... அந்தப் பட்டியல். என் பேரு போட்டு."

 என் வாய் தானாகப் பேசியது: "ஆமாக்கா. உங்களுக்கு எந்தச் சொல்லு தகராறு பண்ணுதுன்னு குறிச்சு வச்சேன். பயிற்சிக்கு ஆகுமேன்னு."

"நட்சத்திரம்?"

"ரொம்பக் கஷ்டமான சொல்லுக்கு மூணு."

 அழுதார். "என் மகன்கூட இப்படிக் கவனிச்சதில்ல" என்றார்.

நான் "பரவால்லக்கா" என்றேன். பரவாயில்லையாம்!

ஜனவரி 17

வேலையில் மனமில்லை. உதிரிபாகக் கடையில் ஒருவருக்கு பிரேக் கட்டைக்குப் பதில் வேறெதையோ எடுத்துக் கொடுத்தேன். முதலாளி, "என்ன பிரசோஜோ, காதலா?" என்றார்.

ஜனவரி 23

பட்டியலைப் பிரதி எடுத்து அனுப்பச் சொல்லியிருந்தார். அனுப்பினேன். அனுப்பும் முன் நட்சத்திரங்களை அழித்திருக்கலாம். அழித்தால் சந்தேகம் வரும் என்று விட்டுவிட்டேன். இந்த மாதிரி விஷயங்களில் என் மூளை எவ்வளவு வேகமாக ஓடுகிறது.

பேச்சுப் பயிற்சி தரும் பலுப்பி என்ற அம்மா பட்டியலைப் பார்த்து அசந்துபோனாராம். பயிற்சிக்கு வரும் மற்றப் பெண்களிடமும் அக்கா காட்டியிருக்கிறார். "எல்லாரும் உன்னப் பாக்கணுங்கறாங்க தம்பி. அடுத்த மாசம் பதினொண்ணாந் தேதி ஞாயித்துக்கிழமை ரயிலேறி வா. சாப்பாடு என் பொறுப்பு."

ஜனவரி 24

போகக்கூடாது. காய்ச்சல் என்று சொல்லிவிடலாம்.

ஜனவரி 30

கிலாங்கிடம் சொன்னேன். அவன் யோசிக்கவே இல்லை. "அப்ப பிரச்சினையே இல்லையே! அவங்களே நல்லதுன்னு நெனச்சுட்டாங்க. நீ ஏன்டா ஹஜ்ஜுக்குப் போய்ட்டு வந்தவன் மாதிரி மூஞ்சிய வச்சிருக்க? போய்ச் சாப்பிட்டுட்டு வா. வரும்போது நாலு படம் புடிச்சுட்டு வா."

அவனைத் திட்ட எனக்கு என்ன தகுதி? பட்டியல் போட்டது அவனில்லை.

பிப்ரவரி 11, ஞாயிறு

ரயிலில் திரும்பிக்கொண்டிருக்கிறேன்.  

கடைக்குப் பின்னால்தான் வீடு. சோப்பு வாசனை, இஸ்திரிச் சூடு. அக்கா நான் நினைத்ததைவிடக் குட்டை. என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, "ஒல்லியா இருக்கியே, குரலுக்கு நெஞ்சான் மாதிரி இருப்பேன்னு நெனச்சேன்" என்றார். அந்த 'நெஞ்சான்' எந்தச் சொல்லுக்குப் பதில் என்று எனக்குத் தெரியவில்லை. என் பட்டியலில் இல்லை. அந்த நேரத்திலும் என் மனம் அதைக் குறித்துக்கொண்டது. தூ.

கடலைச் சட்னி ஊற்றின கீரைச் சோறு, மொறுமொறுவென்று தெம்பே என்ற சோயா வறுவல். பலுப்பி வந்திருந்தார். சுமிரா என்று ஒரு பெண், முன்னால் தாதியாக இருந்தவர். அவருக்கு நாளுக்கு இருபது சொல் வந்தால் அதிகம். இன்னொருவர் தியார்த்தி, தையல்காரி. சுமிரா என் தட்டில் தன் பங்குத் தெம்பேயை எடுத்து வைத்தார்.  தலையை மட்டும் ஆட்டினார்.

பலுப்பி பட்டியலை எடுத்து விரித்தார். "ஒண்ணு கேக்கணும். 'வாளி' இவங்களுக்கு எப்பவுமே தடுமாறும். அதுக்கு ஒரே நட்சத்திரம். 'ஏணி' பாதி நேரம் சரியா வந்துடும், அதுக்கு மூணு. எதை வச்சு அளந்தீங்க?"

பதில் கைவசம் இருந்தது.  ஆனால் சுமிரா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"சிரிப்பை வச்சு," என்றேன்.

"என்னது?"

"எந்தத் தப்புக்கு ஜனங்க அதிகமா சிரிக்கிறாங்கன்னு. அதுக்குத்தான் நட்சத்திரம். பயிற்சிக்கு இல்ல. அக்கா அந்தச் சொல்லைச் சொல்ற மாதிரி நானே ஆட்டத்தைத் திருப்புவேன். எனக்குப் புரியாத மாதிரி நடிப்பேன். அன்னிக்கு போன்ல சொன்னது பொய்."

யாரும் சாப்பிடவில்லை. 

அக்காவின் முகம் சிவக்கவில்லை. அழவில்லை. எழுந்து நின்றார். வாசலைக் காட்டினார். "வா," என்றார். உடனே தலையை வேகமாக ஆட்டினார். "வா. இல்ல. வா... வா..."

சொல்ல நினைத்தது அது இல்லை. எதிர்ச்சொல் வந்து நிற்கிறது, வேண்டிய சொல் வரமாட்டேன் என்கிறது.  ஒருத்தனை வீட்டை விட்டுத் துரத்துவதற்குக்கூட அந்தச் சொல் அவருக்குக் கிடைக்கவில்லை. எனக்கு அது தெரியும். எடுத்துக் கொடுக்க எனக்கு வாய் இல்லை.

செருப்பைப் போட்டுக்கொண்டு வந்துவிட்டேன்.

பிப்ரவரி 12

எல்லாக் காணொளிகளையும் எடுத்துவிட்டேன். அறுபத்தொன்பது. ஒரு குறிப்பு மட்டும் போட்டேன்: என்னோடு ஆடியவர் நோயிலிருந்து மீண்டு வருபவர், அவருடைய தடுமாற்றத்தை வேண்டுமென்றே வேடிக்கையாக்கினேன், அவருக்கு அது தெரியாது. பெயர் போடவில்லை.

கிலாங் வந்து கதவைத் தட்டிவிட்டு, நான் திறந்ததும், "எட்டு மாச வேலைடா. என் வேலையும் இருந்துச்சு அதுல. ஒரு வார்த்தை கேட்டியா?" என்றான். கேட்கவில்லை. அதுவும் உண்மைதான்.

பிப்ரவரி 13

குறிப்புக்குக் கீழே முந்நூறு பேர் திட்டியிருக்கிறார்கள். "பாவம், எங்க கோழி அத்தை எப்படி இருக்காங்க?" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். திட்டுகளைவிட இது சுட்டது. இன்னும் கோழி அத்தைதான். அந்தப் பெயரை வைத்ததும் நான்.

பிப்ரவரி 29

ஒன்றுமில்லை. ஆடவில்லை. மழை.

மார்ச் 8

ஒரு கேள்வி: பிப்ரவரி பதினொன்றாம் தேதி உண்மையைச் சொன்னது அவருக்காகவா, என் நெஞ்சு பாரம் இறங்கவா? அவர் சந்தோஷமாக இருந்தார். நான் போய் அதைக் கெடுத்தேன். சொல்லாமல் இருந்திருந்தால் — சொல்லாமல் இருந்திருந்தால் இந்நேரம் அவருடைய வீட்டுச் சோற்றைத் தின்றுகொண்டு இருப்பேன். வேறு வழி தெரியவில்லை. பதிலும் தெரியவில்லை.

ஏப்ரல் 10, நோன்புப் பெருநாள்

எங்கள் பக்கம் எல்லோரும் எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்கும் நாள். அந்த வாசகத்தை வழக்கமாக ஒரே அமுக்கில் இருநூறு பேருக்கு அனுப்புவேன். இந்த வருடம் யாருக்கும் அனுப்பவில்லை. அக்காவுக்கு அதை எப்படி அனுப்புவது? எல்லோருக்கும் சொல்வதை அவருக்கும் சொன்னால் அது மன்னிப்பா?

தனியாக எழுதினேன், நான்கே வரி. என்ன செய்தேன், எத்தனை மாதம் செய்தேன், பொய் சொன்னது எந்த நாள். கடைசியில்: பதில் வேண்டாம்.

சாயங்காலம் படித்ததற்கான குறி வந்தது. பதில் இல்லை. வேண்டாம் என்று நான்தானே சொன்னேன். இருந்தும் போனை இருபது தடவை எடுத்துப் பார்த்தேன்.

ஏப்ரல் 22

பலுப்பி கூப்பிட்டார். பயிற்சிக்கு வரும் பெண்கள் அக்கா சொல்லிக்கொடுத்து அதே கப்பல் ஆட்டத்தை ஆடுகிறார்களாம். நான்கு பேர் வேண்டும், மூன்று பேர்தான் இருக்கிறார்கள். "யாரைச் சேக்கலாம்னு கேட்டேன். முர்த்தினிதான் உங்க பேரைச் சொன்னாங்க. பாசத்துலன்னு நெனச்சுக்காதீங்க. 'அவனுக்கு பம்பு அடிக்கத் தெரியும்'னாங்க. அவ்வளவுதான்."

சம்மதித்தேன். எதையும் பதிவு செய்யமாட்டேன் என்று நான் சொல்வதற்கு முன் அவரே, "பதிவு கிடையாது" என்றார்.

ஏப்ரல் 28, ஞாயிறு

மத்தியானம் இரண்டு மணி. முர்த்தினி அக்கா மாலுமித் தலைவர். தியார்த்தி ஓட்டையை அடைப்பவர். சுமிரா மேல்தளத்தில் நின்று பார்த்து, கப்பலை எந்தப் பக்கம் திருப்புவது என்று சொல்ல வேண்டும். நான் அடித்தளத்தில், தண்ணீர் இறைக்கிறேன். என்னிடம் யாரும் பேசவில்லை.

பாறை வந்தது. சுமிரா வாயைத் திறந்தார். சொல் வரவில்லை. மூச்சு மட்டும் கேட்டது. என் திரையிலும் பாறை தெரிந்தது. எந்தப் பக்கம் என்று எனக்குத் தெரியும். பல்லைக் கடித்துக்கொண்டு இறைத்தேன். தியார்த்தி சும்மா இருந்தார். அக்கா சும்மா இருந்தார். தண்ணீர் முழங்காலுக்கு வந்தது, இடுப்புக்கு வந்தது. யாரும் எடுத்துக் கொடுக்கவில்லை, யாரும் சிரிக்கவில்லை.

கப்பல் மோதி மூழ்கியது. திரை கறுப்பானது.

"இடது," என்றார் சுமிரா.

"அப்பாடா," என்றார் அக்கா. "இடதுதான். சரியாச் சொன்னீங்க. வாங்க, மறுபடி மொதல்லேர்ந்து."

ஆட்டம் மறுபடி திரையில் ஏறிக்கொண்டிருக்கும்போது அக்கா தொண்டையைச் செருமினார்.

"மலாங்காரரே, நீங்க கொஞ்சம் வேகமா இறைங்க."

தம்பி என்று சொல்லவில்லை. இறைத்தேன்.