குறியீட்டின் கடைசி எழுத்து

அன்புள்ள அம்மாவுக்கு,

முட்டிவலி எப்படி? மாத்திரையை இன்னும் பாதியாக உடைத்துத்தான் போடுகிறீர்களா?

மின்சார சைக்கிளில் லேசாக விழுந்தேன் என்றேனே, அந்த விபத்தின் கோப்பு என் மேசைக்கே வந்தது. விபத்துக் கோப்புகளுக்கு மருத்துவக் குறியீடு போடுவதுதானே என் பிழைப்பு? காயம் ஆறியும் குறை தங்கிவிட்டால் குறியீட்டின் கடைசி எழுத்து மாறும். ஊராருக்கெல்லாம் அதைக் கண்ணை மூடிக்கொண்டு போடுகிறவன், எனக்கு மட்டும் ‘சிகிச்சை தொடர்கிறது’ என்று போட்டேன். மேலாளர் திருப்பி அனுப்பிவிட்டார். “டாக்டர் எழுதினதப் போடுப்பா, உன் ஆசையப் போடாத.” மாற்றிவிட்டேன்.

ஒப்பந்தம் முடிய இன்னும் இரண்டு வருடம். அதுவரை ஜன்னல் திறக்காத இதே அறைதான். கவலை வேண்டாம், தட்டச்சுக்கு இடது கை போதும்.

அலுவலக வண்டி ஹாரன் அடிக்கிறது. யாராவது வந்தால் பட்டன் வைக்காத சட்டை இரண்டு கொடுத்தனுப்புங்கள். இங்கே போட்டுவிட ஆளில்லை.