கழுவாத சுருள்

அண்ணா,

ஃபிலிம் டப்பாவைத் திறந்தபோது வந்த வாசனை இன்னும் என் விரல்களில் இருக்கிறது. உன் சட்டைகளில் இருக்கும் அதே மருந்து வாசனை. சோப்புப் போட்டு மூன்று முறை கழுவியும் போகவில்லை. எல்லாரும் தூங்கிய பிறகு இதை எழுதுகிறேன்.

நீ போன பிறகு இந்த வீட்டில் உன் பேச்சை யாரும் எடுப்பதில்லை. நீ வழக்கமாக வரும் தாம்பரம் கடைசி வண்டி நேரத்தில் அம்மா மட்டும் வாசலைப் பார்க்கிறாள்.

ஃபிலிம் மாற்றும்போது இரண்டு கைகளையும் கறுப்புப் பைக்குள் விட்டுக் கண்ணை மூடிக்கொள்வாய். "ஏய் குட்டி, மூக்கு அரிக்குது, சொறிஞ்சு வுடு" என்பாய். நான் வேண்டுமென்றே காதைச் சொறிவேன். "வெளையாடாதடி. பொட்டு வெளிச்சம் உள்ள போனா என் பொழப்பு போச்சு."

அப்பா கல்யாண வீடியோ எடுக்கச் சொன்னார். நீ அனகாபுத்தூர் தறி வீடுகளைப் படமெடுக்கப் போனாய், ஒரு விளக்குகூட இல்லாமல். கூரை ஓட்டை வழியே விழும் வெயிலில் நூலும், நெய்கிறவரின் பாதி முகமும் தெரியும். மீதி இருட்டு.

"ஊரெல்லாம் கலர் கலரா எடுக்கறான். நீ இருட்ட எடுத்துனு வர" என்றார் அப்பா.

"இருட்டுக்கு மேக்கப் செலவு இல்லப்பா" என்றாய். அவர் சிரிக்கவில்லை. அந்தப் படம் எந்தத் தியேட்டருக்கும் வரவில்லை.

பிறகு பள்ளிக்கரணைச் சதுப்பு நிலப் பறவைகளைப் பற்றிய படம். பனி விலகும் கொஞ்ச நேரத்துக்காகத் தினமும் காய்ச்சலோடு போனாய். மஞ்சள் காமாலை என்று தெரிந்தபோது தாமதமாகிவிட்டது.

கடைசி ஷாட்டில் நீயே கேமரா முன்னால் நின்று கையசைத்ததாக அந்தப் படத்தின் டைரக்டர் அண்ணா துக்கத்துக்கு வந்தபோது சொன்னார். நம் வீட்டில் உன் போட்டோ, பள்ளிக்கூடத்தில் எடுத்தது ஒன்றுதான். அதனால்தான் இன்று மத்தியானம், நீ வீட்டில் விட்டுப்போன அந்தச் சுருளின் டப்பாவைத் திறந்தேன். எடுத்து முடித்த படத்தை வெளிச்சம் ஒன்றும் செய்யாது என்று நினைத்தேன். ஜன்னலில் பிடித்துப் பார்த்தால் வெறும் பழுப்பு. நீ எங்கேயும் இல்லை. பழையபடி சுற்றி மூடி வைத்தேன்.

சாயங்காலம் டைரக்டர் அண்ணா வந்தார். "லேப்ல நாளைக்குத்தான் வாங்குவாங்க. காலைல வந்து எடுத்துக்கறேன்மா. யாரும் தொறக்கலியே? கழுவாத ஃபிலிம், வெளிச்சம் பட்டா அவ்ளோதான்."

"யாரும் தொடல தம்பி" என்றாள் அம்மா.

வாசல்வரை அவர் பின்னால் போனேன். "வெளிச்சம் பட்டா உள்ள இருக்கறதும் போயிடுமாண்ணா?"

"மேல் சுத்துதான் மொதல்ல போகும். கடைசியா எடுத்தது மேலதான் இருக்கும். ஏம்மா கேக்கற?"

"சும்மாதான்."

உன் முகம் போயிருக்கும். உள்ளே பறவைகள் இருக்கலாம். நான் வாய் திறக்காவிட்டால், நீதான் டப்பாவைச் சரியாக மூடவில்லை என்பார்கள். "அதையும் ஒழுங்கா பண்ணல" என்பார் அப்பா. இல்லை என்று சொல்ல நீ இல்லை.

பயமாகத்தான் இருக்கிறது. ஆனாலும் காலையில் அப்பா எதிரிலேயே சொல்லிவிடுவேன். நீ ஒட்டிய டேப்பை நகத்தால் பிரிக்க எனக்கு எவ்வளவு நேரமாயிற்று என்பதையும் சொல்வேன். அவ்வளவு இறுக்கமாக ஒட்டியிருந்தாய்.