பன்னிரண்டாம் வரிசையிலிருந்து

ஜூன் 14

அன்புள்ள ஏணியாருக்கு,

நல்லபடியாக வந்து சேர்ந்தேன். ரயில் ஐந்து மணி நேரம் தாமதம். பெட்டியின் பூட்டு வழியிலேயே போய்விட்டது; உங்கள் துண்டால் கட்டி வைத்திருக்கிறேன். உங்கள் துண்டு என் பெட்டிக்குள் எப்படி வந்தது என்று மட்டும் கேட்காதீர்கள்.

போன் வேண்டாம், எழுது என்று சொன்னது நீங்கள். யோசித்தால் அதுவும் சரிதான். போனில் நாம் ஒரே நேரத்தில் பேசி, ஒரே நேரத்தில் கோபித்துக்கொண்டு, ஒரே நேரத்தில் வைத்துவிடுகிறோம். இருபது வருடம் ஒரே குழுவில் சேர்ந்து ஆடிய பழக்கம், விடுமா?

அறை மூன்றாவது மாடியில். ஒரு கட்டில், ஒரு மேசை, ஜன்னலைத் திறந்தால் பக்கத்துக் கட்டடத்தின் தண்ணீர்க் குழாய். வகுப்பில் பதினோரு பேர். எனக்கு அடுத்து மூத்தவளுக்கு வயது இருபத்தாறு. முதல் நாள் நான் உள்ளே நுழைந்ததும் ஆசிரியை என்று நினைத்து எல்லோரும் எழுந்து நின்றார்கள். கொஞ்ச நேரம் அனுபவித்துவிட்டுத்தான் போய் உட்கார்ந்தேன்.

நடனத்தை எழுதுவது என்றால் என்ன என்று கேட்டீர்களே. பாட்டுக்கு எழுத்து இருப்பதுபோல உடம்புக்கும் இருக்கிறது. நடுவில் ஒரு கோடு, அதுதான் முதுகெலும்பு. இந்தப் பக்கம் இடது கை, இடது கால். அந்தப் பக்கம் வலது. ஒவ்வொரு அசைவுக்கும் ஒரு கட்டம்; கட்டம் எவ்வளவு நீளமோ அசைவு அவ்வளவு நேரம். பக்கத்தைக் கீழிருந்து மேலே படிக்க வேண்டும். நாற்பத்தோரு வயதில் மறுபடியும் அரிச்சுவடி, அதுவும் தலைகீழாக.

நம் குழுவின் இயக்குநர் அம்மா பயிற்சிப் படிவத்தை நம் இருவருக்கும்தான் கொடுத்தார். ஆட்டம் நிற்பதற்கு முன்னால் அடுத்த வேலை கையில் இருக்கட்டும், ஒரு வருடம் எதையாவது கற்றுக்கொண்டு வாருங்கள் என்றார். "நான் ஆடுறவன், படிக்கிறவன் இல்ல" என்று சொல்லி, உங்கள் படிவத்தை எட்டாக மடித்து மேசைக் காலுக்கு அடியில் முட்டுக் கொடுத்தீர்கள். மேசை இப்போது ஆடாமல் நிற்கிறதா?

முழங்காலுக்கு ஊசி போட்டு ஆடியது போதும் என்று நான் வந்துவிட்டேன். உங்களுக்கு இன்னும் ஆட்டம் இருக்கிறது, நான் மறுக்கவில்லை. ஆனால் ரயில் நகர்வதற்கு முன்பே முதுகைக் காட்டி நடந்தீர்களே, அது நியாயமா?

அத்தையிடம் நான் நன்றாகச் சாப்பிடுகிறேன் என்று சொல்லுங்கள்.

உங்கள்
வாயாடி


ஜூலை 9

அன்புள்ள வாயாடிக்கு,

மேசை ஆடவில்லை. நான் ஆடிக்கொண்டிருக்கிறேன்.

வீட்டில் எல்லோரும் நலம். எல்லோரும் என்றால் நானும் அம்மாவும். உன் படிப்பைப் பற்றிச் சொன்னேன். "நாப்பது வயசுல பள்ளிக்கூடமா? அப்ப எனக்கும் ஒரு சிலேட்டு வாங்கிக் குடுடா" என்கிறாள். ஆனால் பக்கத்து வீட்டில் போய், "என் மருமக டான்ஸ எழுதுறா, உங்க வீட்ல யாராச்சும் எழுதுறாங்களா?" என்று கேட்டுவிட்டு வந்திருக்கிறாள். தினமும் மூன்று தட்டு எடுத்து வைப்பாள். பிறகு "மறந்துட்டேன்" என்று ஒன்றைத் திரும்ப வைப்பாள். மறதி அவளுக்கு மட்டும் இல்லை.

ரயில் விஷயம். நின்று பார்த்திருந்தால் கூடவே ஓடியிருப்பேன். ஏணி மாதிரி உயரமான நாற்பத்து நாலு வயதுக்காரன் பிளாட்பாரத்தில் ஓடினால் பார்க்க நன்றாகவா இருக்கும்?

ஒத்திகை நன்றாக நடக்கிறது. தோள் பரவாயில்லை. துண்டைத் திருப்பி அனுப்ப வேண்டாம்.

ஏணி


ஆகஸ்ட் 22

அன்புள்ள ஏணியாருக்கு,

உங்கள் கடிதம் ஒரு பக்கம்கூட இல்லை. அதையே எட்டு தடவை படித்து எட்டுப் பக்கமாக்கிக்கொண்டேன்.

போன வாரம் முதல் தேர்வு. ஒருவன் நடந்து வந்து எட்டுத் தாளம் அசையாமல் நிற்கிறான், அதை எழுத வேண்டும். அசையவில்லையே, எழுத என்ன இருக்கிறது என்று கால்களுக்கான பத்தியைக் காலியாக விட்டுவிட்டேன். ஆசிரியை என் தாளைப் பார்த்துச் சிரித்த சிரிப்பில் கண்ணாடி கீழே விழுந்தது. "கால் பத்தி காலியா இருந்தா ஆள் தரையில இல்லன்னு அர்த்தம். பாவம், அந்த மனுஷன எட்டுத் தாளம் ஆகாயத்துல தொங்க விட்டுட்டீங்களே" என்றார். நிற்பதையும் எழுத வேண்டுமாம். இரண்டு கால்களும் எங்கே ஊன்றியிருக்கின்றன என்று சொல்ல வேண்டுமாம். நான் இருபது வருடம் மேடையில் நின்றதை யாரும் ஒரு வேலையாகவே எண்ணியதில்லை. இங்கே அதற்கு ஒரு குறி இருக்கிறது.

இரண்டாம் தாளில் வகுப்பிலேயே முதலாவதாக வந்தேன். பெருமைக்குச் சொல்லவில்லை. சரி, பெருமைக்குத்தான்.

காலையில் விழிக்கும்போது உடம்பு தானாகவே உங்கள் பக்கம் திரும்புகிறது. அங்கே சுவர். சுண்ணாம்பு வாசனை.

புதிய நாட்டியம் எப்படி வந்திருக்கிறது? எனக்கு இங்கே அதைப் பற்றிச் சொல்ல யார் இருக்கிறார்கள்? விரிவாக எழுதுங்கள்.

உங்கள்
வாயாடி


செப்டம்பர் 30

அன்புள்ள வாயாடிக்கு,

முதலாவதாக வந்ததை அம்மாவிடம் சொன்னேன். தெரு முழுவதற்கும் தெரிந்துவிட்டது. காய்கறிக்காரர்கூட விசாரித்தார்.

விரிவாக எழுதச் சொன்னாய். எழுதுகிறேன். புதிய நாட்டியம் போன சனிக்கிழமை அரங்கேறியது. நடுவில் ஒரு இடம் வருகிறது. முன்வரிசை வலப்பக்கமும் பின்வரிசை இடப்பக்கமும் நகர, நடுவில் ஒரு பாதை கோணலாகத் திறக்கும். மூச்சு நின்றுவிடுகிறது. முன்வரிசையில் புதிதாகச் சேர்ந்த சின்னப் பெண் அந்த இடத்தில் கண்ணை மூடிக்கொள்கிறாள். மூடவே கூடாது, முகம் செத்துப்போகிறது. நீ இருந்தால் சொல்லித் திருத்தியிருப்பாய். கடைசியில் பதினாறு பேரும் ஒன்றாகத் தரையில் விழும்போது, சத்தம் முதலில் காலுக்கு வருகிறது, அப்புறம்தான் காதுக்கு. இடது ஓரத்தில் வெளிச்சம் போதவில்லை. அங்கே ஆடுகிறவர்களின் கை பாதி இருட்டில் போய்விடுகிறது.

மழை ஆரம்பித்துவிட்டது. உன் குடை இங்கேதான் இருக்கிறது. நனையாதே.

ஏணி


அக்டோபர் 17

ஏணியாருக்கு,

ஒன்றே ஒன்று கேட்கிறேன். குழு நடனங்களில் நீங்கள் எப்போதும் பின்வரிசை. முன்வரிசைப் பெண்ணின் கண் மூடியிருப்பது பின்வரிசைக்காரருக்கு எப்படித் தெரியும்? இடது ஓரத்தில் வெளிச்சம் போதாதது மேடைக்குள் இருப்பவருக்குத் தெரியாது. கூடவே விழுகிறவருக்குச் சத்தம் முதலில் காலுக்கு வராது.

நீங்கள் அரங்கில் உட்கார்ந்து பார்த்திருக்கிறீர்கள். எத்தனை நாளாக?

வாயாடி


நவம்பர் 5

அன்புள்ள வாயாடிக்கு,

உன்னை எழுதப் படிக்க அனுப்பியது என் தப்பு. இப்போது வரிகளுக்கு நடுவிலும் படிக்கிறாய்.

ஜூன் கடைசியிலிருந்து. நீ போய் மூன்று வாரம்கூட ஆகவில்லை. ஒத்திகையில் அந்தச் சின்னப் பெண்ணைத் தலைக்கு மேல் தூக்கினேன். தோள் நடுங்க ஆரம்பித்தது. பத்திரமாகத்தான் இறக்கினேன், அவளுக்கு ஒரு கீறல்கூட இல்லை. ஆனால் இறங்கியதும் அவள் என் முகத்தைப் பார்க்காமல் தரையையே பார்த்தாள். அது போதும் எனக்கு.

இயக்குநர் அம்மா அறைக்குக் கூப்பிட்டார். கதவைச் சாத்தினார்.

"இன்னிக்குக் கீழ போடல. நாளைக்கு?" என்றார்.

"நாளைக்கும் போடமாட்டேன்" என்றேன்.

"எனக்கு உங்க மேல நம்பிக்கை இருக்கு. உங்க தோள் மேல இல்ல."

அவ்வளவுதான். அவர் கண் கலங்கியிருந்தது, அதனால் என்னால் சண்டைகூடப் போட முடியவில்லை. பயிற்சிப் படிவம் இன்னும் இருக்கிறதா என்று கேட்டார். எங்கே இருக்கிறது என்று சொல்ல வெட்கமாக இருந்தது.

மேசை ஆடவில்லை, நான் ஆடுகிறேன் என்று எழுதினேனே, அன்றைக்கே அது பொய். அம்மாவுக்குத் தெரியக் கூடாது என்று தினமும் ஆட்டப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு கிளம்புவேன். பன்னிரண்டாவது வரிசை, ஓர நாற்காலி. ஒத்திகை முடியும்வரை பார்த்துவிட்டு, மற்றவர்களோடு முகம் கழுவிக்கொண்டு வீட்டுக்கு வருவேன். வேர்வை இல்லாத துணியை அம்மா துவைத்துப் போட்டாள். அவளும் ஒன்றும் கேட்கவில்லை. இப்போது யோசித்தால், அவளுக்குத் தெரிந்திருக்கும்.

உன்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்பாய். சொன்னால் படிப்பை விட்டுவிட்டு வந்துவிடுவாய் என்று பயம். இன்னொரு பயமும் இருந்தது. வராமல் இருந்துவிட்டால்?

போன வாரம் ஒன்று நடந்தது. மேடை விளக்குகளைப் பார்த்துக்கொள்கிற பெண் இருக்கிறாளே, எப்போதும் காதில் பென்சில் செருகியிருப்பாள், அவள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். "நாலு மாசமா இதே நாற்காலி. வாடகை குடுக்கறீங்களா சார்?" என்றாள். நான் எழுந்தேன். "உக்காருங்க. இடது ஓரத்துல வெளிச்சம் பத்தலன்னு முணுமுணுத்தீங்களே, எத்தனாவது தாளத்துல?" என்று கேட்டாள். சொன்னேன். "நாளைக்கு மேல வந்து சொல்லுங்க" என்றாள். விளக்கு அறைக்கு இரும்புப் படி ஏறிப் போக வேண்டும். ஏணியே ஏணியில் ஏறினான் என்று நீ சிரிப்பாய்.

சிரி. அதைக் கேட்டு ஐந்து மாதம் ஆகிறது.

ஏணி


நவம்பர் 26

என்னங்க,

இந்தக் கடிதத்தை நாலு தடவை ஆரம்பித்தேன். முதலில் திட்டி எழுதினேன், பிறகு அழுது எழுதினேன். இரண்டையும் கிழித்தாயிற்று. நாலு மாதம் அந்தப் பையைத் தூக்கிக்கொண்டு தனியாக நடந்திருக்கிறீர்கள். நான் இங்கே முதலாவதாக வந்தேன் என்று பீற்றிக்கொண்டிருந்திருக்கிறேன்.

உங்கள் இரண்டாவது பயத்துக்கு என்ன பதில் சொல்வது? அதே பயம் எனக்கும் உண்டு. ஏனென்றால் என்னிடமும் ஒரு செய்தி இருக்கிறது. மே மாதம் படிப்பு முடிந்ததும் இங்குள்ள குழுவிலேயே இருக்கச் சொல்கிறார்கள். இரண்டு வருடம். அவர்களுடைய பழைய நாட்டியங்களை எழுதி வைத்து, அதைப் பார்த்துப் புதியவர்களுக்கு ஒத்திகை நடத்த வேண்டும். ஒப்பந்தத்தாள் என் மேசையில் இருக்கிறது. ஜனவரி கடைசிக்குள் பதில் சொல்ல வேண்டும்.

எனக்கு அந்த வேலை வேண்டும். எழுதியே விட்டேன். முன்வரிசை கிடைக்காதா என்று ஏங்கிய காலத்தில்கூட எதையும் இவ்வளவு ஆசைப்பட்டதில்லை.

ஆனால் நீங்கள் வந்துவிடு என்று ஒரு வார்த்தை எழுதினால், மே மாதம் பெட்டியைக் கட்டிவிடுவேன். குறை சொல்ல மாட்டேன். இல்லையென்றால் நீங்களும் அத்தையும் இங்கே வாருங்கள். இங்கேயும் மேடை இருக்கிறது, விளக்கு இருக்கிறது. கட்டில்தான் சின்னது.

என்ன சொல்கிறீர்கள்?

உங்கள்
வாயாடி


ஜனவரி 19

அன்புள்ள வாயாடிக்கு,

பதில் தாமதத்துக்கு மன்னித்துக்கொள். "வந்துவிடு" என்று எழுதி, உறையில் போட்டு, ஒட்டி, தபால் பெட்டிவரை இரண்டு முறை போனேன். இரண்டு உறைகளும் என் ஆட்டப் பையில் இருக்கின்றன.

கையெழுத்துப் போடு.

உனக்காகத் தியாகம் செய்கிறேன் என்று நினைக்காதே. நான் அவ்வளவு நல்லவன் இல்லை. எனக்கும் இங்கே வேலை வந்துவிட்டது. இயக்குநர் அம்மா எனக்கு விளக்கு உதவியாளர் என்று பெயர் போட்டுக் கொடுத்திருக்கிறார். எனக்குக் கற்றுத் தருகிற அந்தப் பென்சில் பெண்ணுக்கு வயது இருபத்தெட்டு. "சார், அவசரப்படாதீங்க, விளக்கு என்ன ஓடியா போகுது?" என்று ஒரு நாளைக்குப் பத்து தடவை சொல்கிறாள். இன்னும் ஒரு வருடமாவது அவளிடம் திட்டு வாங்க வேண்டும். நடுவில் விட்டுவிட்டு வர முடியாது. வீட்டை விட்டு வர அம்மாவும் சம்மதிக்கவில்லை. மேசையைத் தூக்கி, கசங்கிப்போன அந்தப் படிவத்தை எடுத்து நிரப்பிக் கொடுத்துவிட்டேன். மேசை இப்போது ஆடுகிறது. ஆடட்டும்.

ஜூனில் குழுவுக்கு நாற்பது நாள் விடுமுறை. அம்மாவோடு வருகிறேன். அவளை எங்கே படுக்க வைப்பது என்று இப்போதே யோசித்து வை.

போன வெள்ளிக்கிழமை முதல் முறையாக ஒரு உருப்படி முழுவதற்கும் விளக்கை என்னிடமே கொடுத்தாள். நாம் பதினோரு வருடம் ஆடிய அந்த ஜோடி நடனம். விளக்குக் குறிப்புத் தாளைப் பார்க்கவே வேண்டாம், உடம்புக்குத் தெரியும் என்றேன். பாதியில், நீ வலப்பக்கத் திரைக்குப் பின்னாலிருந்து வருவாயே, அந்த இடம். எப்போதும் அரைத் தாளம் முன்னதாக வருவாய். எத்தனை சண்டை அதற்காக! அதே அரைத் தாளம் முன்னதாக, அந்த இடத்தில் விளக்கைப் போட்டேன். உன் வேஷத்தில் ஆடுகிற பெண் தாளத்துக்குச் சரியாக வருகிறவள். அவள் இன்னும் திரைக்குப் பின்னால்தான் இருந்தாள். வெற்றுத் தரையில் வட்டமாக வெளிச்சம் விழுந்து கிடந்தது. கூட்டத்தில் யாரும் கவனிக்கவில்லை. இவள் மட்டும் காதிலிருந்து பென்சிலை எடுத்துக்கொண்டு கேட்டாள்:

"யாருக்காக சார் அங்க போட்டீங்க?"

கை தவறிவிட்டது என்றேன். மறுநாளே அந்தப் பெண்ணின் நேரத்துக்கு மாற்றிக் குறித்துக்கொண்டேன், இனித் தவறாது.

ஆனால் உன்னிடம் உண்மையைச் சொல்ல வேண்டும். அங்கே ஆள் இல்லை என்பது அப்போது எனக்குத் தெரியவில்லை, வாயாடி. விளக்கு விழுந்தது, நீ வந்துவிட்டாய் என்று என் கை அடுத்த பொத்தானுக்குப் போய்விட்டது.

உன்
ஏணி