கிணற்றிலிருந்து ஏறி வந்த விசாலாட்சி

பாச்சை உருண்டை வாசனை என் கட்டிலைவிட்டுப் போகமாட்டேன் என்கிறது. நான்கு நாளாக உன் அலமாரிப் புத்தகங்கள் நான்கு என் தலைமாட்டில் கிடக்கின்றன. பேத்திதான் எடுத்து வந்தாள். தமிழ்ச் சங்கத்து ஹாலில் உனக்கு நினைவுக் கூட்டம் நடந்த ஞாயிற்றுக்கிழமை, எல்லோரும் என்னையே பார்த்துக்கொண்டு நின்றபோது, அவள் மட்டும் அலமாரியைத் திறந்து, "ஆச்சி, உன் பேர் போட்ட புக் எது எது?" என்று கேட்டாள். அவளுக்குத் தமிழ் எழுத்து தெரியாது. வங்காளிதான் சரளம். நான் விரலால் காட்டினேன், அவள் வாரிக்கொண்டாள்.

அந்தக் கூட்டத்தில் நான் என்ன பேசினேன் என்று உனக்குச் சொல்ல வேண்டும். நாற்பது வருஷத்துக்கு மேலாக என் வாயிலிருந்து வரட்டும் என்று நீ காத்திருந்த பேச்சு அது. உன் படத்துக்கு மாலை போட்ட பிறகுதான் வந்தது. நீ காது கேட்க இருந்த காலத்தில் வரவில்லை.

நான் படித்தது ஐந்தாம் வகுப்பு வரைதான். அதில் எனக்கு வெட்கம் ஒன்றும் இல்லை. ஐந்து வகுப்பிலும் நான்தான் முதல். பிறகு திருநெல்வேலியிலிருந்து என்னைக் கட்டிக்கொண்டு வந்தவருக்கு இந்த வங்காளத்துத் துறைமுகத்தில் கிரேன் ஓட்டும் வேலை. டாக்குரியா ஸ்டேஷனுக்குப் பின்னால் ஓர் அறை வீடு. நவராத்திரிக்குச் சங்கத்தில் சுண்டலுக்குக் கடலை வேகவைக்க ஆள் வேண்டும் என்று வந்தவளை, அங்கே நூலகம் பார்த்துக்கொண்டிருந்த நீ ஹால் வாசலில் நிறுத்தினாய்.

"உங்க பேரு?"

"விசாலாட்சி."

"அட! உங்க பேர்ல உள்ளே நாலு பேர் இருக்காங்க. ஒருத்தியைக் கூட்டிட்டுப் போங்க."

இதுதான் உன் வழக்கம். மற்ற நூலகங்களில் எழுதினவர் பேரை வைத்து அடுக்குவார்களாம். நீயோ புத்தகத்துக்குள் வரும் பெண்ணின் பேரை வைத்து ஒரு நோட்டுப் போட்டிருந்தாய். கல்யாணி வந்தால் கல்யாணி, ஜெயா வந்தால் ஜெயா. கதை எது, உண்மையாக வாழ்ந்தவளின் வரலாறு எது என்று அந்த நோட்டில் பிரிவு கிடையாது. "தன் பேரைப் பார்த்துட்டா எந்தப் பொம்பளையும் புஸ்தகத்தைக் கீழே வைக்கமாட்டா" என்பாய். உன் வீட்டுக்காரர் பெரிய ஆபீசர். நீ பி.ஏ. என்னைவிட ஆறே மாதம் மூத்தவள். இரண்டாவது வாரத்திலேயே 'நீங்க' போய் 'விசாலம்' ஆகிவிட்டேன்.

முதல் விசாலாட்சியை நான் எழுத்துக்கூட்டிப் படித்து முடிக்க இரண்டு மாதம் ஆனது. கடைசிப் பக்கத்தில் புருஷன் அவளைத் தலைமுடியைப் பிடித்து முற்றத்தில் இழுத்துக்கொண்டு போகிறான். கிணற்றில் தள்ளுகிறான். அவள் கயிற்றைப் பற்றிக்கொள்கிறாள். பற்றிய விரல்களைக் கைப்பிடிச் சுவரில் வைத்துச் செருப்புக் காலால் நசுக்குகிறான். அத்தோடு புத்தகம் முடிந்துபோனது. அடுப்படியில் உட்கார்ந்து அழுதேன்.

அடுத்த புத்தகத்தை எடுத்தால் அதே விசாலாட்சி கள்ளுக்கடை வாசலில் கொடியோடு நிற்கிறாள். போலீஸ் தடியால் மண்டையில் அடிக்கிறது. ஜெயிலுக்குப் போகிறாள். வலது கையில் இரண்டு விரல் உடைந்தவள் என்று எழுதியிருந்தது. எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. உன்னிடம் ஓடி வந்தேன்.

"கிணத்துல விழுந்தவ எப்படி ஏறி வந்தான்னு எழுதாமலே விட்டுட்டாங்களே?"

"எந்தக் கிணறு?"

"புருஷன் தள்ளுனாம்லா, அந்தக் கிணறு."

நீ சிரித்த சிரிப்பில் அலமாரிக் கதவு ஆடியது. பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அது கதை, விசாலம். எழுதினவன் தள்ளிவிட்டான், அவ செத்தா. இவ நிஜமா இருந்தவ. வேற ஆளு" என்றாய்.

"வேற ஆளா? ரெண்டு பேருக்கும் விரலு ஒடையுமா?"

துணி சுற்றியிருந்த என் வலது கையைப் பார்த்தாய். "உன் விரலுக்கு என்ன?"

"கதவுல நசுங்கிட்டு."

"உங்க வீட்டுக் கதவு மாசத்துக்கு ஒரு தடவை உன்னைக் கடிக்குதே, சங்கிலி போட்டுத்தான் கட்டணும்" என்றாய். உன் முகத்தில் சிரிப்பு இல்லை. பிறகு, "சரி, நீ சொல்றதுதான் சரி. ஒரே விசாலாட்சிதான். ஏறி வந்துட்டா. மேல படி" என்றாய்.

அவர் கையில் எது கிடைத்ததோ அதால் அடிப்பார். பெல்ட், குக்கர் மூடி, ஒருதடவை அம்மிக் குழவி. கிரேனில் நாள் முழுக்க உட்கார்ந்து டன் கணக்கில் தூக்கி இறக்குகிறவருக்கு வீட்டுக்கு வந்ததும் கை சும்மா இருக்காது. இடது காதில் எனக்கு இன்றும் சரியாகக் கேட்காது. அந்தக் காலத்தில் இதெல்லாம் எல்லா வீட்டிலும் நடப்பதுதான் என்று நினைத்திருந்தேன். உன் அலமாரியில் படிக்கப் படிக்க, நடப்பது எல்லா வீட்டிலும்தான், ஆனால் எல்லோரும் கிணற்றிலேயே கிடப்பதில்லை என்று தெரிந்தது.

மூன்றாவது விசாலாட்சியில் இருந்தேன் அன்றைக்கு. அவள் வயலில் தன்மேல் கை வைத்த பண்ணையாரைக் கதிர் அரிவாளால் வெட்டிவிட்டு ஓடுகிறாள். அவளை விட்டுவிட்டு எழ முடியவில்லை. மத்தியானம் மூன்று மணி. கிரேன் பழுது என்று அவர் சீக்கிரமே வீட்டுக்கு வந்து, உலை வைக்காத அடுப்பைப் பார்த்துவிட்டு, நேராக ஹாலுக்கு வந்துவிட்டார். அங்கே நாம் இரண்டு பேர்தான்.

"ஏட்டி! சோறு பொங்க நேரமில்ல, புஸ்தகம் ஒரு கேடா ஒனக்கு?"

முதல் அடி என் காதில் விழுந்தது. நாற்காலியோடு சாய்ந்தேன். வயிற்றில் உதைத்தார். நீ மேசையைச் சுற்றி ஓடி வந்து நடுவில் நின்றாய். கையில் அந்தப் புத்தகத்தை நீட்டிக்கொண்டு, "உங்க சம்சாரம் பேருதாங்க. கொஞ்சம் படிச்சுப் பாருங்க, அப்புறம் அடிக்கத் தோணாது" என்றாய். அந்த நேரத்திலும் உனக்குக் கேலி.

அவர் புத்தகத்தைப் பிடுங்கி இரண்டாகக் கிழித்தார். மேசைமேல் அலமாரிப் பூட்டு கிடந்தது, கை நிறைய இரும்பு. நான் நாற்காலியைப் பிடித்து எழ, நீ என்னைத் தாங்கிக்கொண்டு பின்னால் நின்றாய். அவர் பூட்டை எடுத்து என்னைப் பார்த்து எறிந்தார். நான் குனிந்துவிட்டேன். அடி வாங்கிப் பழகின உடம்பு, தானாகக் குனியும். உனக்குப் பழக்கமில்லை. தேங்காய் உடைக்கிற சத்தம் கேட்டது. நீ கத்தவில்லை. இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டு மெதுவாக உட்கார்ந்தாய். விரல் இடுக்கு வழியாக ரத்தம் முழங்கைக்கு வந்து நோட்டுமேல் சொட்டியது. அவர் பார்த்தார். வெளியே போய்விட்டார். தெருவில் டாக்ஸியைக் கைகாட்டி நிறுத்தி உன்னை ஏற்றினேன்.

ஆஸ்பத்திரியில் போலீஸ்காரர் என்ன நடந்தது என்று கேட்டார். நான் எனக்குத் தெரிந்த வங்காளியில், "டூல் தேகே போரே கேச்சே" என்றேன். ஸ்டூலிலிருந்து விழுந்துவிட்டாள், கீழே பூட்டு இருந்தது. அவர் எழுதிக்கொண்டார். உன் வீட்டுக்காரர் எழுதினதைப் படித்துவிட்டு மடித்துத் திருப்பிக் கொடுத்தார். சங்கத்துச் செயலாளருக்கும் அதுவே சௌகரியமாக இருந்தது. ஹாலில் ரத்தம் என்றால் சங்கத்துக்குப் பேர் கெடும்.

உன் இடது கண் போய்விட்டது.

பத்தாம் நாள் கஞ்சி எடுத்துக்கொண்டு உன் வீட்டுக்கு வந்தேன். பாதி முகம் கட்டுக்குள் இருந்தது. மற்றக் கண்ணால் என்னைப் பார்த்தாய்.

"ஸ்டூலா?"

நான் தலை குனிந்தேன்.

"எந்த ஸ்டூல்டி? அந்த ஹால்ல ஸ்டூலே கிடையாதே!"

எழுந்து வந்து பளார் என்று ஒன்று விட்டாய். கஞ்சிப் பாத்திரம் உருண்டது. நீ யாரையும் அடித்தவள் இல்லை. கையை எப்படி வீசுவது என்றுகூட உனக்குத் தெரியவில்லை, பாதி என் மூக்கில் பட்டது. அப்புறம் மூச்சு வாங்க உட்கார்ந்தாய்.

"நான் போய்ச் சொல்லலாம். ஜெயில்லேருந்து வெளியே வந்ததும் அவன் உன்னைக் கொன்னுடுவான். அதனால நான் சொல்லமாட்டேன். ஆனா நீ சொல்லணும். எப்ப முடியுதோ அப்ப சொல்லு. நான் இருக்கும்போதே சொல்லிடு."

மறு வாரமே சங்கத்து ஹாலுக்குப் புது ஸ்டூல் ஒன்று வந்துவிட்டது. செயலாளர் வாங்கிப் போட்டார். நீ ஒரு நாளும் அதில் ஏறவில்லை.

அவர் திருந்தினாரா என்று நீ கேட்டதில்லை, நானாகச் சொன்னதுதான். இரண்டு மாதம் சும்மா இருந்தார். பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், நான் மீன் அரிந்துகொண்டிருந்தபோது, உப்போ எதுவோ காரணம், கை ஓங்கி வந்தார். நான் குனியவில்லை. அரிவாள்மணையைத் தூக்கி அலகு மேலே பார்க்கப் பிடித்தேன். "அடிக்கணும்னா இதுமேலதான் அடிக்கணும்" என்றேன். என்னை நம்பாமல் அடித்தார். உள்ளங்கை குறுக்கே பிளந்தது. மீன் ரத்தம் எது, மனுஷ ரத்தம் எது என்று தெரியவில்லை. ஏழு தையல். துறைமுகத்தில் கம்பி அறுத்துவிட்டது என்று எல்லோரிடமும் சொன்னார். அதற்குப் பிறகு அவர் கை என்மேல் விழவில்லை. இதில் எனக்கு இன்றைக்கும் கர்வம் உண்டு.

ஆனால் உன் காரியம் மட்டும் தள்ளிக்கொண்டே போனது. பையன் சின்னவன், அப்புறம் சொல்லலாம். பையனுக்குக் கல்யாணம், அப்புறம். அவர் படுத்துவிட்டார், அப்புறம். அவர் செத்தார். செத்தவரைப் பற்றி எப்படி? நீ ஒற்றைக் கண்ணோடு அந்தக் கிழிந்த விசாலாட்சியை ஒட்டினாய், புத்தகம் அடுக்கினாய், நோட்டு எழுதினாய், எனக்கு நான்காவது விசாலாட்சியைக் கொடுத்தாய். அவள் பர்மாவிலிருந்து நடந்தே வந்த நர்சு, வழியெல்லாம் பிணம். ஒவ்வொரு பொங்கலுக்கும் என் முகத்தைப் பார்ப்பாய். கேட்கமாட்டாய்.

ஞாயிற்றுக்கிழமை இப்போதைய செயலாளர் உன்னைப் பற்றி வாசித்தார். "ஸ்டூலிலிருந்து தவறி விழுந்து ஒரு கண்ணை இழந்த பின்னும், அம்மையார் நூலகத் தொண்டை விடவில்லை." கை தட்டினார்கள். என் காலை நான் எழுப்பவில்லை. அதுவே எழுந்தது.

"அது விபத்து இல்ல. அங்க ஸ்டூலே கெடயாது. என் புருஷன் எம்மேல எறிஞ்ச பூட்டு அவ கண்ணுல பட்டுது. ஸ்டூல்னு பொய் சொன்னது நான்."

என் பையன் பக்கத்தில் இருந்தான். சேலையைப் பிடித்து இழுத்தான். "அம்மா, உக்காருங்க. எல்லாரும் பாக்காங்க."

"பாக்கட்டும்னுதான் எந்திரிச்சேன்."

"செத்துப்போன மனுஷனை இப்படிப் பேசலாமா?"

"செத்துப்போனது அவரு மட்டுமா?"

அவன் வெளியே போய்விட்டான். நான்கு நாளாக என் கையால் தண்ணீர்கூட வாங்கவில்லை. பேத்திதான் அன்று வண்டியில் வீடு திரும்பும்போது, "ஷொத்தி, ஆச்சி? நிஜமா? தாத்தாவா?" என்று கேட்டாள். காதில் உள்ள தழும்பைத் தடவக் கொடுத்தேன். சால்ட் லேக்கில் கம்ப்யூட்டர் வேலை பார்க்கிற கை, தழும்பின் நீளத்தை இரண்டு தடவை அளந்து பார்த்தது.

எல்லாம் சொல்லிவிட்டாய் விசாலம், இனி என்ன என்பாய். ஒன்று பாக்கி இருக்கிறது. அதற்குத்தான் இந்தக் கடிதம். ஹாலில் கடைசியாக ஒருவர், "ஏன் பொய் சொன்னீங்க?" என்று கேட்டார். "பயத்துல வாய் தவறி வந்துட்டு" என்றேன். அங்கேயும் நான் பொய்தான் சொன்னேன்.

அன்றைக்கு டாக்ஸியில் உன் தலை என் மடியில் இருந்தது. என் முந்தானையைச் சுருட்டிக் கண்ணில் அழுத்திக்கொண்டிருந்தேன், அது நனைந்து என் தொடை வரை சூடாக இறங்கியது. டாக்குரியா பாலம் ஏறும்போது நீ என் கையைத் தேடிப் பிடித்து, "உனக்கு ரொம்ப அடியா, விசாலம்?" என்று கேட்டாய். இல்லை என்றேன். உன் கையைப் பிடித்துக்கொண்டே நான் கதை கட்டிக்கொண்டிருந்தேன். மாடிப்படி என்றால் ஹாலுக்கு மாடி இல்லை. குளியலறை என்றால் பூட்டு எப்படி வந்தது என்பார்கள். ஸ்டூல் என்றால், மேல் தட்டுப் புத்தகத்துக்கு ஏறினாள், பூட்டு கீழே கிடந்தது, எல்லாம் பொருந்தும். பொருந்தக் கட்ட நான் கற்றுக்கொண்டதும் உன் அலமாரியில்தான். பாலம் இறங்குவதற்குள் முழுசாக அமைந்துவிட்டது. நன்றாக அமைந்ததில் ஒரு நொடி எனக்குப் பெருமைகூட வந்தது. அந்த நொடியில் வலி தாங்காமல் நீ என் விரல்களை நெரித்தாய். நான் ஆறுதலாகத் திருப்பி அழுத்தினேன்.

அந்தக் கை இன்னும் என் கைக்குள் இருக்கிறது.