என் வசனத்தை அவர்தான் பேசினார்

வண்டிப்பெரியார், 12 ஜூன் 1953

விடாத மழை. இவருக்கு இன்றும் கஞ்சி இறங்கவில்லை. தொண்டையில் கட்டி என்று டாக்டர் சொல்லிவிட்டார். அப்படியும் தேயிலை ஃபேக்டரிக்குப் போய், தூளிலிருந்து ஈர்க்குப் பொறுக்கும் பெண்களைச் சிரிக்க வைத்துவிட்டுத்தான் வருகிறார்.

15 ஜூன்

பக்கத்து வீட்டுச் சுருளியம்மாள் கேட்டாள்: “ஏக்கா, நீங்க சினிமாவுல நடிச்சீகளாமே. கந்தப்பண்ணன் சொன்னாரு.” இல்லை என்றேன். உள்ளே வந்து, ஏன் சொன்னீர்கள் என்று இவரிடம் சண்டை போட்டேன்.

நடித்தேன்தான். எல்லாம் ஊமைப் படங்கள். மாவுப் பானைக்குள் தலையை மாட்டிக்கொள்வேன், எருமை மேலிருந்து குளத்தில் விழுவேன். கொட்டகை அதிரும். இவர் அப்போது கோயமுத்தூரில் திரைக்குப் பக்கத்தில் நின்று ஜனங்களுக்குக் கதை சொல்பவர். படத்தில் நான் வாயசைப்பேன். குரலை மெலிதாக்கி எனக்காக இவர் பேசுவார். முதல் தடவை நேரில் பார்த்தபோது, “நீங்க என்ன பேசறீங்கன்னு எனக்கு மட்டுந்தாங்க தெரியும்” என்றார். அப்படித்தான் கல்யாணம் ஆனது.

பேசும் படம் வந்தது. என்னைப் பேசவிட்டுப் பார்த்தார்கள். எனக்கு ஆம்பிளை மாதிரி கட்டைக் குரல். சிரித்தார்கள், நான் சிரிக்க வைக்காமலே. “இந்தம்மா வாயைத் தொறக்காத வரைக்கும் ராணி” என்றார் முதலாளி. இவரைக் கேட்டேன். “நல்லால்ல சாந்தா. போயிரலாம்” என்றார். ஒரு பொய் சொல்லியிருக்கக் கூடாதா? இந்த மலைக்கு வந்தபிறகு நான் யாரையும் சிரிக்க வைக்கவில்லை. வாயைத் திறப்பதே குறைவு.

2 ஜூலை

மதுரை ஆஸ்பத்திரி. குரல்வளையை எடுத்தால்தான் உயிர் என்கிறார்கள். உள்ளே கொண்டுபோகும்போது என் கையைப் பிடித்து, “ஏதாச்சும் பேசு சாந்தா, கேட்டுக்கிட்டே போறேன்” என்றார். “கஞ்சி குடிச்சீங்களா”ன்னு கேட்டேன். கஞ்சி. பச்சைத் தண்ணி கூடக் குடுக்கக் கூடாதுன்னு சொல்லியிருந்தாங்க, எனக்கே தெரியும். வேற வார்த்தையா இல்ல எனக்கு? அவர் சிரித்தார். அந்தச் சத்தம்தான் கடைசி.

3 ஜூலை

பிழைத்துக்கொண்டார்.

20 ஆகஸ்ட்

வீட்டுக்கு வந்ததிலிருந்து சுவர்ப் பக்கம் திரும்பியே படுத்திருக்கிறார். பார்க்க வந்த ஃபேக்டரிக்காரர்களுக்கு முகம் காட்டவில்லை. பாலைத் தள்ளிவிடுகிறார். இப்படியே போய்விடலாம் என்று நினைக்கிறாரா?

22 ஆகஸ்ட்

இன்று செய்துவிட்டேன். சோற்றுப் பானையைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு, கதவில் முட்டி, தடுமாறி, பொத்தென்று விழுந்தேன். இந்த வயசில். இடுப்பு பிடித்துக்கொண்டது நடிப்பில்லை. அவர் தோள் குலுங்கியது, மூச்சுக்காகக் கழுத்தில் போட்ட ஓட்டையில் காற்று சீறியது. பயந்து கிட்டே ஓடினேன். சிரிக்கிறார். உதடு அசைந்தது: ‘நல்லாருக்கு.’

பால் குடித்தார்.

9 செப்டம்பர்

தினமும் ஒரு கூத்து. ஜன்னலில் லயத்து வரிசை வீட்டுப் பெண்கள். “இல்லவே இல்லன்னீகளேக்கா” என்று சுருளியம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள்.

11 அக்டோபர்

கட்டி மறுபடி வந்திருக்கிறது. இனி அறுக்க முடியாதாம்.

29 நவம்பர்

போயிட்டார்.

விடிஞ்சதும் என் முகத்தையே பார்த்து என்னவோ வாயசைச்சார். ‘என்னங்க, என்னங்க’ன்னு கேட்டேன். மறுபடியும் அசைச்சார். புரியல. ‘நல்லாருக்கு’ன்னது புரிஞ்சுதே, இது ஏன் புரியல? தலையாட்டினேன், புரிஞ்ச மாதிரி. நம்பினாரா—

18 ஜனவரி 1954

ஈர்க்குப் பொறுக்கும் வேலைக்குச் சேர்ந்துவிட்டேன். மத்தியானம் பெண்கள், “அண்ணன் இருந்தா ஏதாச்சும் பேசிக்கிட்டிருப்பாருக்கா” என்றார்கள். எருமை என்னைக் குளத்தில் தள்ளிய கதையைச் சொன்னேன், என் கட்டைக் குரலிலேயே. எல்லாரும் எருமைக்குத்தான் சிரித்தார்கள். ஃபேக்டரியை மேற்பார்க்கும் டீமேக்கர் எட்டிப் பார்த்தார். நான் நிறுத்தவில்லை.

சாயங்காலம் வந்து ஒருத்திக்கு மட்டும் உலை வைத்தேன். அது கொதிக்கும்வரை, அங்கே சொன்னதையெல்லாம் மறுபடி முதலிலிருந்து, சத்தமாகச் சொன்னேன்.